கம்போவில் உருளைக்கிழங்கா, ஸ்பெட்ஸ்லெ மேல் இறாலா?

அடுத்த சனிக்கிழமை எங்கள் வீட்டில் எட்டுப் பேருக்குச் சாப்பாடு. எதிர் வீட்டு அம்மா உட்பட நான்கு பேர் தென்மேற்கு ஜெர்மனியில் நாங்கள் இருக்கும் இந்த மன்ஹைமிலும், ரைன் ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஃபால்ட்ஸிலும் பிறந்து வளர்ந்தவர்கள். இரண்டு பேர் அமெரிக்காவின் லூசியானாவிலிருந்து வருகிறார்கள். பேட்டன் ரூஜில் நாங்கள் நான்கு வருடம் குடியிருந்தபோது பக்கத்து வீட்டுக்காரர்கள். மீதி நானும் மனைவியும். ஜெர்மன் சாப்பாடு போட்டால் எதிர் வீட்டு அம்மா ஒவ்வொரு வாயாகச் சோதித்துப் பார்ப்பார். அவர்கள் ஊரின் கிரியோல் சாப்பாடு போட்டால் லூசியானாக்காரர்கள் மரியாதைக்குச் சிரித்துக்கொண்டே சாப்பிடுவார்கள். "பேசாமல் சாம்பார் வைத்துவிடலாம், யாருக்கும் குறை சொல்லத் தெரியாது" என்றாள் மனைவி. நல்ல யோசனைதான். ஆனால் அவர்கள் ஏற்கெனவே எங்கள் வீட்டுச் சாம்பாரைப் பலமுறை சாப்பிட்டவர்கள்.

இரண்டையும் கலந்து ஒன்று செய்வது என்று முடிவானது. எதைச் செய்வது என்பதில்தான் மூன்று வாரமாகப் பேச்சு. ஐந்து யோசனைகள் மிஞ்சின. ஐந்தையும் முன்னே பின்னே ஒருமுறையாவது செய்து பார்த்திருக்கிறேன். இரண்டில் கையைச் சுட்டுக்கொண்டேன், அதில் ஒன்றில் நிஜமாகவே.

எனக்கு வேண்டியது மூன்றுதான். பொருட்கள் இங்கே பக்கத்துக் கடையில் கிடைக்க வேண்டும். எல்லோரும் மேசையில் உட்கார்ந்திருக்கும்போது நான் அடுப்படியில் நிற்கக் கூடாது. அப்புறம், இரண்டு ஊர்க்காரர்களும் தட்டைப் பார்த்ததும் "இது நம்முடையது" என்று ஏதாவது ஒன்றையாவது கண்டுபிடிக்க வேண்டும்.

மூன்றாவது கேட்பதற்குத்தான் கடினம். லூசியானாவில் இந்த இரண்டு சமையலும் முந்நூறு வருடமாக ஒரே ஊரில் குடியிருக்கின்றன. 1720களின் தொடக்கத்தில், பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட அந்த நிலத்துக்கு ஜான் லா என்பவரின் கம்பெனி ஜெர்மானியக் குடியானவர்களை ஆசை காட்டிக் கூட்டிப் போனது. துறைமுகத்தில் காத்திருந்தபோதும் கப்பலிலும் நோயில் செத்தவர்கள் போக மிஞ்சியவர்கள் நியூ ஆர்லியன்ஸுக்கு மேலே மிசிசிப்பி ஆற்றங்கரையில் குடியேறினார்கள். அந்தக் கரைக்கு இன்றும் ஜெர்மன் கோஸ்ட் என்றுதான் பெயர். நகரத்துக்குக் காய்கறியும் தானியமும் படகில் அங்கிருந்துதான் போயின. பிரெஞ்சு குமாஸ்தாக்கள் காதில் விழுந்தபடி எழுதியதில் ஹிம்மல் என்ற குடும்பப் பெயர் ஹைமல் ஆயிற்று, ஹூபர் ஊப்ரே ஆயிற்று. ஸ்வைக் என்றால் ஜெர்மனில் கிளை; அது அப்படியே பிரெஞ்சுக்கு மாறி லாபிராஞ்ச் ஆகிவிட்டது. வருகிற விருந்தாளிகளில் ஒருவர் இப்படிப் பெயர் மாறிய குடும்பம். அவருக்கு ஒரு ஜெர்மன் வார்த்தை தெரியாது.

அதே கரையில் பின்னால் கரும்புத் தோட்டங்கள் வந்தன. அங்கே உழைத்தவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வரப்பட்ட அடிமைகளும் அவர்களின் பிள்ளைகளும். 1811 ஜனவரியில் அமெரிக்க வரலாற்றின் மிகப் பெரிய அடிமைகள் கிளர்ச்சி எழுந்தது இந்த ஜெர்மன் கோஸ்டில்தான். தோட்ட வீடுகளின் அடுப்படியில் நின்றதும் அவர்களே. லூசியானாவின் பேர்போன குழம்பான கம்போவின் பெயரே வெண்டைக்காயைக் குறிக்கும் ஆப்பிரிக்கச் சொல்லிலிருந்து வந்ததுதான். ஆக, கிரியோல் சமையல் என்று நாம் சொல்வதில் பிரெஞ்சும் ஸ்பானிஷும் ஜெர்மனும் இருக்கலாம். கிளறிய கை யாருடையது என்பதை மறந்துவிட்டுப் பேசக் கூடாது.

இதையெல்லாம் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. இரண்டு சமையலும் ஏற்கெனவே தொட்டுக்கொண்ட இடத்தில் கை வைத்தால் வேலை சுலபம், தொடாத இடத்தில் வலுக்கட்டாயமாக ஒட்டவைத்தால் வம்பு. ஐந்தையும் செய்து பார்த்ததில் எனக்குப் பிடிபட்ட ஒரே கணக்கு இதுதான்.

கம்போவும் உருளைக்கிழங்கு சாலடும்

லூசியானாவுக்குப் புதிதாகப் போன எங்களை முதலில் திகைக்க வைத்தது இது. கிண்ணத்தில் கருஞ்சிவப்பாகக் கம்போ, நடுவில் சோறு இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கரண்டி உருளைக்கிழங்கு சாலட். சூடான குழம்புக்குள் குளிர்ந்த கிழங்கு. பக்கத்து வீட்டுக்காரர் கரண்டியால் இரண்டையும் சேர்த்து அள்ளிச் சாப்பிட்டார். நாங்கள் சோற்றையே கேட்டு வாங்கிக்கொண்டோம். இரண்டாவது வருடம் வெட்கத்தை விட்டு ருசி பார்த்தேன். அதற்கப்புறம் சோறு கேட்கவில்லை. கம்போவின் காரத்தையும் புகை வாசனையையும் கிழங்கு வாங்கிக்கொண்டு, பதிலுக்குக் கடுகின் புளிப்பைக் கொடுக்கிறது. அந்த வழக்கம் ஜெர்மானியர்களிடமிருந்து வந்தது என்று அங்கே பலர் சொல்வார்கள். உண்மையோ இல்லையோ, இந்த யோசனைக்கு அந்தப் பேச்சுதான் விதை.

அங்கே போடுவது மயோனைஸும் முட்டையும் சேர்ந்த சாலட். நான் செய்ய நினைப்பது தென் ஜெர்மனியில் செய்யும் வகை, மயோனைஸ் கிடையாது. வெந்தாலும் உடையாத கெட்டிக் கிழங்கு ஒரு கிலோவைத் தோலோடு வேகவைத்து, கை பொறுக்கும் சூட்டிலேயே தோல் உரித்து மெல்லிய வில்லைகளாக நறுக்க வேண்டும். பொடியாக அரிந்த ஒரு வெங்காயம், கால் லிட்டர் கொதிக்கும் சூப் தண்ணீர், நான்கு மேசைக்கரண்டி வினிகர், ஒரு மேசைக்கரண்டி கடுகு விழுது, உப்பு. இருபது நிமிடம் ஊறவிட்டால் கிழங்கு தண்ணீரைக் குடித்துவிடும். எண்ணெய் கடைசியில்தான், முதலிலேயே ஊற்றினால் கிழங்கின் மேல் படலம் கட்டி எதுவும் உள்ளே இறங்காது. சரியாக வந்ததா என்று தெரிந்துகொள்ள ஒரு வழி, கிளறும்போது சளக் சளக்கென்று சத்தம் கேட்க வேண்டும். இந்தப் பக்கத்தில் இதற்கு ஷ்லோட்சிக் என்று ஒரு வார்த்தை வைத்திருக்கிறார்கள். நம் ஊரில் புளியோதரைக்குச் சோறு பொலபொலவென்று இருக்க வேண்டும் என்கிறோமே, அதற்கு நேர் எதிர். கொழகொழவென்று வழுக்க வேண்டும்.

இரண்டு ஊரும் ஏற்கெனவே சந்தித்த இடம் அந்தக் கடுகு விழுது. நியூ ஆர்லியன்ஸில் கிரியோல் கடுகு என்று விற்பது பழுப்புக் கடுகை வினிகரில் ஊறவைத்துக் கொரகொரப்பாக அரைத்தது. இங்கே கடைகளில் கிடைக்கும் கரகரப்பான ஜெர்மன் கடுகோடு பக்கத்தில் வைத்தால் அண்ணன் தம்பி போல இருக்கிறது. கொஞ்சம் மிளகாய்ப்பொடியும் ஒரு சொட்டு வினிகரும் கூடுதலாகச் சேர்த்தால் வித்தியாசம் கண்டுபிடிக்க முடியாது. கடுகைத் தாளிக்க மட்டுமே தெரிந்த நமக்குத்தான் இரண்டும் புதிது.

இனி கம்போ. இதன் உயிர் ரூ. சம அளவு எண்ணெயும் மைதாவும் சேர்த்து, விடாமல் கிளறிக் கருப்பட்டி நிறம் வரும்வரை வறுப்பது. எட்டுப் பேருக்கு 130 கிராம் மாவும் 150 மில்லி எண்ணெயும் போதும். அடி கனமான பாத்திரம், நடுத்தரத் தீ, நாற்பது நிமிடம். முதல் பத்து நிமிடம் சந்தன நிறத்தில் பிடிவாதமாக நிற்கும். அப்புறம் வறுத்த வேர்க்கடலை வாசனை வரும். அதற்கும் அப்புறம் ஒவ்வொரு நிமிடமும் நிறம் மாறும். அந்த நேரத்தில் தொலைபேசி அடித்தாலும் எடுக்கக் கூடாது. நான் எடுத்தேன். திரும்பி வந்தபோது மாவில் கரும்புள்ளிகள். ஒரு புள்ளி தெரிந்தாலும் மொத்தத்தையும் கொட்ட வேண்டியதுதான், கசப்பு போகவே போகாது. அவசரமாகக் கொட்டும்போது மணிக்கட்டில் ஒரு துளி தெறித்தது. சூடான எண்ணெயோடு ஒட்டிக்கொள்ளும் மாவு அது, உதறினால் போகாது. தழும்பு இன்னும் இருக்கிறது.

ஆனால் ரூ என்றால் எதிர் வீட்டு அம்மாவுக்குப் புதிதில்லை. மாவையும் வெண்ணெயையும் வதக்குவதற்கு ஜெர்மனில் மேல்ஷ்விட்சே என்பார்கள், அதாவது மாவை வேர்க்க வைப்பது. பெரும்பாலும் வெள்ளையாகவே நிறுத்திவிடுகிறார்கள். இருந்தாலும் மாவைப் பழுப்பாக வறுத்துச் செய்யும் ஏழைக் குடியானவர்களின் சூப் ஒன்று தென் ஜெர்மனியிலும் சுவிட்சர்லாந்திலும் உண்டு. நான் ரூ கிளறிக்கொண்டிருந்த ஒரு நாள் அவர் உள்ளே வந்து மூக்கை உறிஞ்சிவிட்டு, "எங்கள் பாட்டி வீட்டு வாசனை" என்றார். அன்றைக்கு எனக்குப் பாதி முடிவு ஆகிவிட்டது.

நிறம் வந்ததும் வெங்காயம், செலரித் தண்டு, பச்சைக் குடைமிளகாய் மூன்றையும் பொடியாக அரிந்து ரூவிலேயே கொட்டினால் ஓசையோடு சூடு தணிந்து நிறம் அங்கேயே நின்றுவிடும். லூசியானாவில் இந்த மூன்றையும் பரிசுத்தத் திரித்துவம் என்பார்கள், பாதி வேடிக்கை பாதி பக்தி. ஜெர்மன் கடைகளில் இதற்கு இணையாக நூல் கட்டி விற்கும் சூப் கட்டு ஒன்று உண்டு: கேரட், லீக், செலரியின் கிழங்கு, பார்ஸ்லி. தண்டு செலரி கிடைக்காத நாளில் அந்தக் கிழங்கைப் போட்டேன். வாசனை கொஞ்சம் மண்ணோடு சேர்ந்து ஆழமாக வந்தது, கெட்டுப்போகவில்லை. கேரட்டை மட்டும் போடாதீர்கள், கம்போ இனித்துவிடும்.

தொத்திறைச்சிதான் அடுத்த கேள்வி. லூசியானாவின் ஆண்டூயி, பிரான்ஸில் அதே பெயரில் குடலை வைத்துச் செய்வதிலிருந்து முற்றிலும் வேறு. பன்றித் தோள்கறியைப் பெரிது பெரிதாக அரிந்து, பூண்டும் மிளகும் போட்டு, நீண்ட நேரம் புகையில் தொங்கவிடுவது. ஜெர்மன் கோஸ்டில் இருக்கும் லாபிளாஸ் என்ற ஊர் தன்னை உலகின் ஆண்டூயித் தலைநகர் என்று சொல்லிக்கொள்கிறது. பெயர் பிரெஞ்சு, கைவேலை ஜெர்மன் என்பார்கள். புகையைப் பார்த்தால் நம்பத் தோன்றுகிறது. இங்கே ஆண்டூயி கிடைக்காது. அதற்குப் பதில் மெட்டெண்டன் என்று விற்கும் புகையூட்டிய சிறு தொத்திறைச்சி அருமையாகப் பொருந்துகிறது. பிராட்வர்ஸ்டை மட்டும் வாங்கிவிடாதீர்கள். ஜெர்மன் என்றாலே எல்லோர் கையும் அதன் மேல்தான் போகும். ஆனால் அதில் புகை கிடையாது. ஜாதிக்காயும் மருக்கொழுந்து மாதிரி ஒரு இலையும் சேர்ந்த மென்மையான ருசி, கம்போவின் காரத்தில் தொலைந்துபோகும்.

வெண்டைக்காய் துருக்கிக் கடையில் எப்போதும் உண்டு. தனியாக எண்ணெயில் வதக்கி வழவழப்பைப் போக்கிவிட்டுச் சேர்க்க வேண்டும் என்பதை உங்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. எலும்போடு கோழித் தொடை ஒரு கிலோ, இரண்டரை லிட்டர் சூப் தண்ணீர், பிரிஞ்சி இலை, தைம், மிளகாய்ப்பொடி. சிறு தீயில் ஒன்றரை மணி நேரம். தொத்திறைச்சியிலேயே உப்பு இருப்பதால் உப்பைக் கடைசியில் பார்த்துப் போடுங்கள்.

முந்தின நாளே வைத்துவிடலாம் என்பது இதில் பெரிய வசதி. நம் வீட்டு மீன் குழம்பு மாதிரி, மறுநாள்தான் கம்போவுக்கு முழு ருசி வரும். விருந்து நாளில் கிழங்கு வேகவைப்பது மட்டும்தான் வேலை.

ஸ்பெட்ஸ்லெ மேல் இறால் எட்டுஃபே

ருசியை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொன்னால் இதுதான் முதலில் நிற்கும். எட்டுஃபே என்றால் மூடி வேகவைத்தது. அங்கே கிராஃபிஷ் என்ற நன்னீர் இறாலில் செய்வது பிரபலம்; இங்கே சாதாரண இறால். 80 கிராம் வெண்ணெயில் மூன்று கரண்டி மாவை இளம்பழுப்பாக வறுத்து, அதே மூன்று காய்களையும் பூண்டையும் வதக்கி, இறால் ஓட்டை இருபது நிமிடம் கொதிக்கவைத்த தண்ணீரை ஊற்றிக் கெட்டியாக்க வேண்டும். இறால் கடைசி மூன்று நான்கு நிமிடம்தான். மேலே வெங்காயத்தாள், எலுமிச்சை. ரூ இளம்பழுப்பிலேயே நின்றுவிடுவதால் கம்போவில் இருக்கும் பயம் இதில் இல்லை. மொத்தமே முக்கால் மணி நேரம்.

இதைச் சோற்றின் மேல் ஊற்றுவது லூசியானா. ஸ்பெட்ஸ்லெ மேல் ஊற்றுவதுதான் நாம் செய்யும் கலப்பு. ஸ்பெட்ஸ்லெ என்பது முட்டை மாவைக் கொதிக்கும் தண்ணீரில் விழவைத்துச் செய்யும் சிறு சிறு துண்டுகள். 400 கிராம் மைதா, நான்கு முட்டை, 150 மில்லி தண்ணீர், ஒரு தேக்கரண்டி உப்பு. மரக்கரண்டியால் அடித்து அடித்து மாவில் குமிழ் வரவேண்டும். தோசை மாவைவிடக் கெட்டி, வடை மாவைவிடத் தளர்வு. கரண்டியைத் தூக்கினால் ஒழுகாமல், தயங்கித் தயங்கி அறுந்து விழ வேண்டும்.

இதற்கென்று இங்கே அச்சு விற்கிறார்கள். பார்த்ததும் நம் இடியாப்ப உழக்கின் ஞாபகம்தான் வரும். நான் வாங்கவில்லை. ஊரிலிருந்து கொண்டுவந்த பூந்திக் கரண்டி இருந்தது. முதல் முறை, சின்னத் துளைக் கரண்டி. மாவு இறங்காமல் மேலேயே அப்பிக்கொண்டது, கீழிருந்து வந்த ஆவியில் வெந்து துளைகளை அடைத்துக்கொண்டது. அரை மணி நேரம் ஊசியால் குத்திச் சுத்தம் செய்தேன். இரண்டாம் முறை பெரிய துளைக் கரண்டி. கொதிக்கும் தண்ணீருக்கு ஒரு சாண் மேலே பிடித்து, ஒவ்வொரு முறையும் குளிர்ந்த தண்ணீரில் நனைத்துக்கொண்டு, கரண்டியின் முதுகால் தேய்த்துத் தள்ளினால் உருண்டை உருண்டையாக விழுந்து, முங்கி, ஒரு நிமிடத்தில் மேலே மிதந்து வருகின்றன. குட்டி உருண்டைகளாக இருப்பதற்கு இங்கே க்னோஃப்லெ என்று தனிப் பெயர், பொத்தான்கள் என்று அர்த்தம். அள்ளி வெண்ணெயில் ஒரு புரட்டு.

அந்தக் கரடுமுரடான மேற்பரப்பில் எட்டுஃபே ஒட்டிக்கொள்வதைப் பார்த்தால், இரண்டும் ஒன்றுக்காகவே ஒன்று பிறந்ததோ என்று தோன்றும். இந்த ஊர்க்காரர்களுக்குக் குழம்போடு ஸ்பெட்ஸ்லெ என்றால் கேள்வியே இல்லை. பருப்பைக்கூட ஸ்பெட்ஸ்லெயோடுதான் சாப்பிடுகிறார்கள்.

ஆனால் இரண்டு குறைகள். ஸ்பெட்ஸ்லெ ஆறினால் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகிவிடும், இறால் காத்திருந்தால் ரப்பர். எட்டுப் பேருக்கு நான்கு ஐந்து தடவையாகத் தேய்த்துப் போட வேண்டும். விருந்தாளிகள் சிரிக்கும் சத்தத்தை நான் ஆவிக்குள்ளிருந்து கேட்டுக்கொண்டிருப்பேன். கடையில் பாக்கெட்டில் விற்கும் ஸ்பெட்ஸ்லெயை வாங்கினால் இந்தப் பிரச்சினை தீரும், கூடவே ருசியில் பாதியும் தீரும். இன்னொன்று, லூசியானாக்காரர் தட்டைப் பார்த்து "சோறு எங்கே?" என்று கேட்பார். இந்தக் கேள்வியை நம்மைத் தவிர வேறு யாரும் இவ்வளவு நேர்மையாகக் கேட்டு நான் பார்த்ததில்லை.

நான்கு பேருக்கு என்றால் யோசிக்காமல் இதையே செய்யுங்கள்.

சவர்க்ராட் ஜம்பலாயா

ஒரே பாத்திரம், ஒரே வேலை என்பதால் எல்லோரும் முதலில் பரிந்துரைப்பது இது. புளித்த முட்டைக்கோஸ், தொத்திறைச்சி, அரிசி. எல்லாம் சேர்ந்து பிரியாணி மாதிரி ஒன்று. கேட்க அழகாக இருக்கிறது. செய்து பார்த்தபோது உப்பில்தான் முதல் அடி. சவர்க்ராட்டில் உப்பு, தொத்திறைச்சியில் உப்பு, கடையில் விற்கும் கிரியோல் மசாலாப் பொடியிலும் முக்கால்வாசி உப்பு. மூன்றும் சேர்ந்தால் கருவாட்டுக் குழம்பே தேவலை என்று ஆகிவிடும். இரண்டாவது அடி தண்ணீர்க் கணக்கு. சவர்க்ராட் எவ்வளவு பிழிந்தாலும் உள்ளே கொஞ்சம் வைத்துக்கொள்ளும். அரிசி ஒரு பக்கம் குழைந்து, இன்னொரு பக்கம் நடுவில் கல்லாக நின்றது. புளிப்போ எல்லாவற்றையும் தாண்டித் தலைதூக்கியது.

அப்போதும் விட்டுவிட மனமில்லாமல் ஒரு மாற்று கண்டுபிடித்தேன். ஜம்பலாயாவைத் தனியாகவே வைத்துவிட்டு, சவர்க்ராட்டை வெங்காயமும் ஆப்பிளும் போட்டு வதக்கி, ஊறுகாய் மாதிரி ஓரத்தில் வைப்பது. தயிர்சாதத்துக்கு மாவடு போல அது நன்றாகவே எடுபட்டது. தக்காளி போட்ட சிவப்பு ஜம்பலாயாவுக்கு இன்னும் பொருத்தம். நியூ ஆர்லியன்ஸ் கிரியோல்கள் தக்காளி போடுவார்கள், மேற்கே கேஜன்கள் என்ற பிரெஞ்சு வழியினர் போடாமல் பழுப்பாக வைப்பார்கள். வேலை நாளில் நமக்கு நாமே செய்துகொள்ள இது போதும். ஆனால் ஓரத்தில் ஊறுகாய் வைத்ததற்குப் பெயர் கலப்புச் சமையலா என்று யாராவது கேட்டால் என்னிடம் பதில் இல்லை.

ஷ்னிட்சல், கிரியோல் சாஸோடு

இதைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் பிரச்சினை ஒன்றுதான். மெல்லிய இறைச்சித் துண்டை ரொட்டித் தூளில் புரட்டிப் பொரிக்கும் ஷ்னிட்சலின் பெருமை அதன் மொறுமொறுப்பு. அதன் மேல் தக்காளி, குடைமிளகாய் சாஸை ஊற்றினால் மூன்று நிமிடத்தில் நனைந்த பஜ்ஜி. சாஸை அடியில் பரப்பி மேலே வைத்தால் தப்பிக்கும். நியூ ஆர்லியன்ஸில் 1899 முதல் 1990கள் வரை நடந்த கோல்ப்ஸ் உணவகத்தில் ஜெர்மன் பண்டங்களும் கிரியோல் பண்டங்களும் ஒரே மெனுவில் இருந்தன, தனித்தனித் தட்டில்.

ரொட்டிக்குள் வைத்துச் சாப்பிட்டால் கதை வேறு. போபாய் என்று அந்த ஊர்க்காரர்கள் உயிரை விடும் சாண்ட்விச்சுக்கு, மேலே கண்ணாடி போல நொறுங்கும், உள்ளே பஞ்சாக இருக்கும் நீள ரொட்டி வேண்டும். பிரெஞ்சு ரொட்டி என்று பெயர். அதைச் சுடும் பேர்பெற்ற பேக்கரிகளில் ஒன்றான லைடன்ஹைமரை 1896-ல் தொடங்கியவர், இங்கிருந்து காரில் அரை மணி நேரத்தில் இருக்கும் டைடஸ்ஹைமிலிருந்து போன ஒரு ஜெர்மானியர். கோழி ஷ்னிட்சல், கடுகு போட்ட ரெமுலாட் சாஸ், நறுக்கிய முட்டைக்கோஸ், நீள ரொட்டி. பிள்ளைகள் வந்தால் இதற்கு நிகர் எதுவும் இல்லை. மேசை விரித்து உட்காரும் பெரியவர்கள் விருந்துக்கு ஒத்துவராது. சாஸ் முழங்கை வரை வழியும்.

பச்சைக் கம்போ

மனைவி இறைச்சி சாப்பிட மாட்டாள். அவளுக்கு என்ன என்று தேடியபோது கிடைத்தது, ஐந்திலும் எனக்கு மிகவும் பிடித்துப்போன ஒன்று.

நியூ ஆர்லியன்ஸில் ஈஸ்டருக்கு முந்தின வியாழக்கிழமை கம்போ ஸெர்ப் என்ற கீரைக் கம்போவைச் சாப்பிடுவார்கள். லியா சேஸ் என்ற புகழ்பெற்ற கிரியோல் சமையல்காரர், 2019-ல் தமது 96-ஆவது வயதில் மறைந்தவர், டூக்கி சேஸ் உணவகத்தில் ஒவ்வொரு வருடமும் அன்றைக்கு இதைச் சமைப்பார். கீரைகளின் எண்ணிக்கை ஒற்றைப்படையாக இருக்க வேண்டும். எத்தனை கீரையோ அந்த வருடம் அத்தனை புதுச் சிநேகிதர்கள் என்று ஒரு நம்பிக்கை. அவர் ஒன்பது போடுவார்.

இங்கே ஜெர்மனியில் அதே வியாழனுக்குப் பெயர் க்ரூன்டோனர்ஸ்டாக். க்ரூன் என்றால் பச்சை. அன்றைக்குப் பச்சையாக ஏதாவது சாப்பிட வேண்டும் என்பது வழக்கம். கீரை, கீரை சூப். ஃபிராங்க்ஃபர்ட்டில் ஏழு மூலிகைகள் அரிந்து போட்ட பச்சை சாஸ், வேகவைத்த கிழங்கும் முட்டையுமாக. அந்த ஏழையும் வெள்ளைத் தாளில் சுருட்டி ஒரே கட்டாகச் சந்தையில் விற்பதை முதலில் பார்த்தபோது, பூக்கட்டு என்று நினைத்து விலை கேட்டேன். அங்கேயும் ஒற்றைப்படை. ஒன்றிலிருந்து ஒன்று வந்தது என்று அடித்துச் சொல்ல நான் ஆளில்லை. ஆனால் ஒரே நாளில், கடலுக்கு இரண்டு பக்கமும், இரண்டு ஊர்க்காரர்கள் கீரையை எண்ணி எண்ணிப் போடுகிறார்கள்.

செய்முறை நமக்குக் கைவந்ததுதான், கீரை மசியல் தெரிந்தவர்களுக்குப் பாதி வேலை முடிந்தது. பசலை, முட்டைக்கோஸ், முள்ளங்கிக் கீரை, பீட்ரூட் இலை, பார்ஸ்லி, வெங்காயத்தாள், அப்புறம் நூல்கோல் இலை. இந்த ஏழாவது இங்கே சும்மா கிடைக்கிறது. சூப்பர் மார்க்கெட்டில் நூல்கோல் வாங்குபவர்கள் இலையைத் திருகிப் பெட்டியில் போட்டுவிட்டுப் போவார்கள். அதைக் கேட்டால் எடுத்துக்கொள்ளச் சொல்வார்கள், வீட்டில் முயல் வளர்க்கிறீர்களா என்று கேட்பார்கள். ஆமாம் என்று சொல்லிவிடுவது நல்லது. எல்லாவற்றையும் வேகவைத்து, பாதியை மசித்து, நடுத்தரப் பழுப்பு ரூவில் சேர்த்து அரை மணி நேரம் கொதிக்கவிட வேண்டும். லூசியானாவில் பெரும்பாலும் இறைச்சியும் சேர்ப்பார்கள். அந்தப் புகை வாசனைக்கு நான் புகையூட்டிய மிளகாய்த்தூள் ஒரு தேக்கரண்டி போடுகிறேன். உச்சியில் அதே உருளைக்கிழங்கு சாலட்.

இதையே எட்டுப் பேருக்கும் வைத்துவிடலாமா என்று யோசித்தேன். வேலை குறைவு, செலவு மற்ற எல்லாவற்றையும்விடக் குறைவு. தடை ஒன்றுதான்: அட்லாண்டிக் தாண்டி வருகிறவர்களுக்கு அக்டோபரில் விரத நாள் கீரையைப் போடுவதா என்று மனைவியே கேட்டாள். வசந்தத்தில், மூலிகைக் கட்டு சந்தைக்கு வரும்போது, இதற்கு ஒரு நாள் குறித்துவிட்டோம்.

அதனால் சனிக்கிழமைக்குப் பெரிய பாத்திரத்தில் கோழியும் மெட்டெண்டனும் போட்ட கம்போ, சின்னப் பாத்திரத்தில் பச்சைக் கம்போ, இரண்டுக்கும் பொதுவாகக் கிழங்கு சாலட். ஒரே ரூவைப் பழுப்பில் கொஞ்சம் எடுத்து வைத்துவிட்டு, மீதியைக் கருப்பட்டி நிறத்துக்குக் கொண்டுபோனால் இரண்டுக்கும் ஆயிற்று. திங்கட்கிழமை லூசியானாக்காரர்கள் இருவரும் நாங்களும் மட்டும். அன்றைக்குப் பூந்திக் கரண்டியை எடுக்கிறேன், ஓரத்தில் ஒரு கிண்ணம் சோறும் வைத்துவிடுவேன்.

கிழங்கு சாலட் நான் கொண்டுவருகிறேன் என்று எதிர் வீட்டு அம்மா சொல்லிவிட்டார். அதைச் சூப்புக்குள் போடப்போகிறோம் என்று நேற்றுத்தான் அவரிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "என்னுடையதை மட்டும் தனிக் கிண்ணத்தில் வையுங்கள்" என்றார்.